வெர்னா காத்த வாசல்

எங்கள் கார் ஆலை வாசலில் ஒரு பலகை உண்டு. வெளிநாட்டு வண்டிகளுக்கு இங்கே இடமில்லை, தண்டவாளத்துக்கு அப்பால் நிறுத்து என்று எழுதியிருக்கும். எழுதியது சங்கம், காத்தது வெர்னா டோம்பெக். யாரும் அவளைக் காவலுக்கு வைக்கவில்லை. ஷிஃப்ட் தொடங்கும் முன்பே காபிக் குவளையோடு வந்து நின்றுவிடுவாள். ஜப்பான் வண்டி ஏதாவது உள்ளே மூக்கை நீட்டினால் பானெட்டில் ஓங்கி ஒரு அடி விழும்.

"எடுடா வண்டிய! எங்க சோத்துல மண்ணள்ளிப் போட்டவன் வண்டி இங்க நிக்கக் கூடாது!"

நானும் அவளும் கதவு மாட்டுகிறவர்கள். இடது கதவு அவளுக்கு, வலது எனக்கு. மிச்சிகனில் எங்கள் ஊருக்கு வேறு பிழைப்பே கிடையாது.

அவள் தம்பி லெனார்டும் எங்களோடுதான் இருந்தான். அவனுக்குக் கதவு மாட்டக் கற்றுக்கொடுத்ததே அவள்தான். ஜப்பான்காரன் சின்ன வண்டிகளை மலிவாக இறக்கினான். எங்கள் முதலாளிகளோ பெரிய வண்டியைவிட்டு இறங்கமாட்டோம் என்று வீம்பு பிடித்தார்கள். வீம்பு அவர்களுடையது, வேலை போனது எங்கள் ஆட்களுக்கு. இப்போது நினைத்தாலும் வயிறு எரிகிறது. ஒரு ஷிஃப்டையே வீட்டுக்கு அனுப்பினார்கள். லெனார்டும் போனான். ஒஹையோவில் ஜப்பான் கம்பெனி கட்டிய ஆலையில் சேர்ந்தான். அங்கே சங்கம் கிடையாது. அன்றிலிருந்து வெர்னாவுக்கு அவன் துரோகி.

அடுத்த ஈஸ்டருக்குப் பிள்ளைகுட்டியோடு வந்தான், அந்தக் கம்பெனி வண்டியிலேயே. வெர்னா தன் வீட்டு வாசலில் குறுக்கே நின்றாள்.

"சர்ச்சுகிட்ட நிறுத்திட்டு நடந்து வா. என் வாசல்ல இது நிக்காது."

"அக்கா, பனி கொட்டுது. சின்னதுங்க இருக்கு."

"நல்லாப் போர்த்திக் கூட்டிட்டு வா."

நடந்துதான் வந்தார்கள். குழந்தைகளின் காலுறையெல்லாம் நனைந்திருந்தது. அவள் சமைத்த சாசேஜை லெனார்ட் தொடவில்லை. அதற்குப் பிறகு அவன் வரவும் இல்லை. அவள் அவன் பெயரைச் சொல்லமாட்டாள். ஆனால் ஒவ்வொரு ஈஸ்டருக்கும் அவனுக்கும் சேர்த்தே சமைப்பாள், பிறகு என் தலையில் கட்டுவாள்.

வருஷங்கள் ஓடின. சம்பளத்தைக் குறைத்துக்கொள்ளுங்கள், புது மாடலைச் செய்கிற வேலை உங்களுக்கே என்றது கம்பெனி. வெர்னாதான் ஆள் ஆளாகப் பேசி ஓட்டு வாங்கினாள். குறைத்துக்கொண்டோம். புது மாடலை மெக்சிகோவுக்குக் கொண்டுபோய்விட்டு, எங்கள் ஆலையை மூடுவதாக அறிவித்தார்கள். வெட்கங்கெட்டவர்கள், கூடவே ஆளுக்கொரு தொப்பியும் கொடுத்தார்கள்.

சங்கத் தலைவர் மெர்லுக்கு அப்போது ஒரு யோசனை. பழைய ஜப்பான் வண்டி ஒன்றை வாங்கி, எல்லோருமாக அடித்து நொறுக்க ஆலை வாசலில் நிறுத்தினார். டிவிக்காரர்கள் வந்தார்கள். சம்மட்டியால் முதல் அடி வெர்னா அடிக்க வேண்டும்.

சம்மட்டியை வாங்கியவள், அடிக்காமல் இடது கதவைத் திறந்து மூடினாள். கதவு மாட்டுகிறவர்களுக்கு அது ஊறிப்போன பழக்கம். சவ ஊர்தியைப் பார்த்தாலும் நான் அதைத்தான் செய்வேன். கதவு நறுக்கென்று பொருந்தியது. மறுபடி திறந்து, கதவு நிலையில் ஒட்டியிருந்த தயாரிப்பு எண்ணைக் குனிந்து பார்த்தாள். ஒன்றில் தொடங்கினால் இந்த நாட்டில் செய்தது, மூன்று என்றால் மெக்சிகோ. அது ஒன்றில் தொடங்கியது. அந்த மாடலைச் செய்வது லெனார்டின் ஆலை.

"டுவெய்ன், இது என் தம்பி மாட்டுன கதவா இருக்கும்டா" என்றாள் என்னிடம்.

"ஓங்கி அடி வெர்னா, கேமரா ஓடுது" என்று மெர்ல் அதட்டினார்.

அவள் சம்மட்டியைத் தோளில் போட்டுக்கொண்டு, வண்டிகள் நிற்கும் இடத்தின் முன்வரிசைக்கு நடந்தாள். அங்கே மெர்லுடைய புது டிரக் நின்றது. எங்கள் கம்பெனி முத்திரை, பின்னால் நாட்டுக் கொடி. கதவைத் திறந்தாள். மூன்று.

"மெர்ல், எடு வண்டிய."

"பைத்தியமா உனக்கு? இது நம்ம கம்பெனி வண்டி!"

"எது நம்ம கம்பெனி? நம்மளத் தெருவுல விட்டதா? எடுத்துட்டு தண்டவாளத்துக்கு அந்தாண்ட போ. சம்மட்டி என் கையில இருக்கு, பாத்துக்க."

மெர்ல் வண்டியை எடுத்தார். அடுத்தது மேனேஜரின் வண்டி. அதுவும் மூன்று. அவர் அறை ஜன்னலைப் பார்த்து அவள் கத்தியது இன்னும் என் காதில் இருக்கிறது. வரிசையின் கடைசியில் அவளுடைய வண்டி. முத்திரையைப் பார்த்து வாங்கியவள், எண்ணைப் பார்த்ததே இல்லை. இப்போது பார்த்தாள். மூன்று. பிறகு தானே ஓட்டிக்கொண்டு போய்த் தண்டவாளத்துக்கு அப்பால் நிறுத்தினாள்.

அந்த ஞாயிறு ஒஹையோவுக்குக் கிளம்பினாள். தனியாகப் போகத் தைரியமில்லை, என்னையும் இழுத்துக்கொண்டாள். லெனார்டின் வாசல் காலியாகத்தான் கிடந்தது. ஆனாலும் தெருமுனையில் வண்டியை நிறுத்தி, கொட்டும் பனியில் என்னை நடக்கவைத்தாள்.

கதவைத் திறந்த லெனார்ட் எங்கள் நனைந்த காலைப் பார்த்தான்.

"வண்டி எங்க?"

"தெருமுனையில. மெக்சிகோல செஞ்சது. உன் வாசல்ல நிக்கக் கூடாதுல்ல."

அவன் முகம் சிவந்தது. "நாடகம் ஆட வந்தியா? என் புள்ளைங்க அன்னிக்கு நடந்து வந்துச்சே, ஞாபகமிருக்கா உனக்கு?"

"திட்டு. வாங்கிக்கத்தான் வந்தேன்."

திட்டினான். அக்கம்பக்கத்தில் திரைகள் விலகின. எனக்கும் பங்கு கிடைத்தது. ஓய்ந்ததும் கையை நீட்டினான்.

"சாவியக் குடு."

வீட்டுச் செருப்போடு பனியில் இறங்கிப் போய், வண்டியைத் தன் வாசலுக்குக் கொண்டுவந்தான். இறங்கிக் கதவை மூடினான். திறந்து, மறுபடி மூடினான்.

"எவனோ, நல்லாத்தான் மாட்டியிருக்கான்" என்றான். "உள்ள வா."