கோரைப்பல் ஒடிந்த திருஷ்டி பொம்மை

என்னால் ஓரிடத்தில் உட்கார முடியாது. இந்த வயதிலேயே இப்படி என்றால் இருபது வயதில் எப்படி இருந்திருப்பேன் என்று நினைத்துக்கொள்ளுங்கள். சாப்பிடும்போது கால் ஆடும். கோயிலில் அர்ச்சனை நடக்கும்போது விரல் தாளம் போடும். "கால ஆட்டாத கண்ணு, வூட்டுக்கு ஆகாது" என்று அம்மா சொல்லிச் சொல்லி அலுத்துப்போனாள். ஹூஸ்டனை ஒட்டிய சுகர் லேண்டில் எங்கள் வீட்டிலிருந்து எங்கே போவதென்றாலும் ஃப்ரீவே ஏறித்தான் போக வேண்டும். வழி முழுக்க ஸ்டியரிங்கைத் தட்டிக்கொண்டு, வாய்க்குள் எதையோ முணுமுணுத்துக்கொண்டு ஓட்டுவேன். அந்த முணுமுணுப்புதான் பிறகு ராப் ஆனது.

ராப் என்றால் காதல், பார்ட்டி, டான்ஸ் இல்லை. பேய், பிணம், கொலை, துப்பாக்கி. தொண்ணூறுகளின் நடுவில் ஹூஸ்டனில் அதற்கென்றே ஒரு கூட்டம் இருந்தது, ரேடியோக்காரர்களும் பெரிய கம்பெனிகளும் எட்டிக்கூடப் பார்க்காத கூட்டம். நாங்களே பதிந்து, நாங்களே கேஸட் அடித்து, கார் டிரங்கில் வைத்து, முடிவெட்டும் கடை வாசலிலும் கார் ஸ்டீரியோ கடை வாசலிலும் நின்று விற்போம். நாங்கள் என்றால் நானும் என் கூட்டாளியும். அவன் என்னோடு காலேஜில் படித்த கறுப்பினப் பையன். அவனுடைய மாமாவின் கராஜில் ஒரு டிரம் மெஷினும் பழைய மிக்ஸரும் இருந்தன. தாளம் அவனுடையது, வார்த்தை என்னுடையது. பாட்டில் நான் வெட்டிப் புதைத்த ஆட்களுக்குக் கணக்கே கிடையாது. நிஜத்தில் கரப்பான்பூச்சி வந்தால் அப்பாவைக் கூப்பிடுகிற ஆள் நான். ரெக்கார்டிங் இருக்கும் நாட்களில், க்ரூப் ஸ்டடிக்குப் போகிறேன் என்று நம்பி, அம்மா டப்பாவில் தயிர்சாதமும் மாவடுவும் கட்டிக்கொடுப்பாள். கூட்டாளிக்கு மாவடு என்றால் உயிர்.

எங்கள் முதல் மேடை, பந்து உருட்டி விளையாடும் ஒரு போலிங் கூடத்தின் பின்பக்க ஹாலில் இருந்தது. கறுப்புச் சட்டை போட்டு, முகத்தை முறைப்பாக வைத்துக்கொண்டு ஏறினேன். இன்னும் வாயைத் திறக்கவில்லை. முன்வரிசையில் ஒருத்தன், "அண்ணே, ரெண்டாம் நம்பர் பம்ப்புல பெட்ரோல் போடுங்க" என்று இங்கிலீஷில் கத்தினான். அங்கே இந்திய மூஞ்சி என்றாலே பெட்ரோல் பங்க் கல்லாக்காரன்தான். ஹாலே சிரித்தது. அதற்கப்புறம் நான் என்னதான் ரத்தம் சிந்தினாலும் யாரும் பயப்படவில்லை. கீழே இறங்கி பாத்ரூம் கண்ணாடியைப் பார்த்தால், காலையில் அம்மா பூசிவிட்ட விபூதிக் கீற்று நெற்றியில் அப்படியே இருக்கிறது. அங்கேயே நின்று அழுதேன்.

அந்த வருஷம்தான் அப்பா அம்மா சொந்தமாக வீடு வாங்கியிருந்தார்கள். அப்பாவுக்கு ஒரு எண்ணெய்க் கம்பெனியில் வேலை. கிரகப்பிரவேசத்துக்கென்று அம்மா கரூரிலிருந்து ஒரு திருஷ்டி பொம்மையைப் பெட்டியில் புடவைகளுக்கு நடுவே வைத்துக் கொண்டுவந்திருந்தாள். காகிதக் கூழில் செய்த முகம். கறுப்பு நிறம், முட்டைக்கண், முறுக்கு மீசை, நெஞ்சுவரைக்கும் தொங்கும் சிவப்பு நாக்கு, இரண்டு பக்கமும் கோரைப்பல். விமானத்தில் வந்த அலைச்சலில் இடப்பக்கத்துப் பல் பாதியாக ஒடிந்துவிட்டது. அம்மா விடுவாளா? ஒடிந்த முனைக்குத் தன்னுடைய ரோஸ் கலர் நெயில் பாலிஷைப் பூசிச் சரிசெய்தாள். வாசலில் அதைத் தொங்கவிட்ட அன்று ஹூஸ்டன் தமிழர்கள் பாதிப் பேர் எங்கள் வீட்டில் சாப்பிட்டார்கள். அத்தனை பேரும் அதன் அடியில் நின்று போட்டோ எடுத்துக்கொண்டார்கள்.

பக்கத்து வீட்டுக் குழந்தை அதைப் பார்த்து வீறிட்டு அழுததாகக் குடியிருப்புச் சங்கத்துக்குப் புகார் போனது. எடுக்கச் சொல்லிவிட்டார்கள். அம்மாவுக்கு வந்த கோபம் சாதாரணக் கோபம் இல்லை. "அவனுக அக்டோபர் பூராவும் எலும்புக்கூட்டத் தொங்கவுட்டா பண்டிகையாமா. நாம தொங்கவுட்டா அசிங்கமாமா?" என்று அப்பாவிடம் ஒரு வாரம் சண்டை பிடித்தாள். அப்பா பொம்மையைக் கழற்றி கராஜில் மாட்டினார்.

போலிங் கூடத்தில் அவமானப்பட்டு வீடு திரும்பி, கராஜுக்குள் காரை விட்டபோது, ஹெட்லைட் வெளிச்சத்தில் அது என்னைப் பார்த்தது. நான் அதைப் பார்த்தேன். மறுநாளே கருவிழி இருந்த இடத்தில் இரண்டு ஓட்டை போட்டு, பின்னால் எலாஸ்டிக் தைத்து முகமூடி ஆக்கிவிட்டேன். சுவரில் காணோமே என்று கேட்ட அம்மாவிடம், ஹாலோவீனுக்கு ஃப்ரெண்ட் கேட்டான் என்றேன். அக்டோபரில் வரும் பண்டிகைக்கு மார்ச் மாதத்திலேயே. அம்மா தலையாட்டிவிட்டுப் போய்விட்டாள்.

அடுத்த மேடையில் பெட்ரோல் பம்ப் ஜோக் வரவில்லை. நான் ஏறியதும் ஹால் அமைதியானது. முன்வரிசை ஒரு அடி பின்னால் நகர்ந்ததை ஓட்டை வழியாகப் பார்த்தேன். அந்த ஒரு அடிக்காக என்ன வேண்டுமானாலும் செய்யலாம் என்று தோன்றியது. அவ்வளவு சந்தோஷம்.

அதன் பிறகு மளமளவென்று ஏறியது. கேஸட் அட்டையில் பொம்மையின் முகத்தைப் போட்டோம். டாலஸுக்குக் கூப்பிட்டார்கள், சான் ஆன்டோனியோவுக்குக் கூப்பிட்டார்கள். முகமூடிக்குள் இருப்பவன் ஜெயிலிலிருந்து தப்பியவன், சூனியம் தெரிந்த ஹெய்ட்டிக்காரன், பிணவறையில் வேலை பார்ப்பவன் என்று ஆளாளுக்கு ஒரு கதை கட்டினார்கள். கேட்கக் கேட்கச் சிரிப்பாக இருக்கும். ஆனால் ஒன்று சொல்ல வேண்டும். பாடி முடித்து, முகமூடியைப் பையில் போட்டுக்கொண்டு கூட்டத்துக்குள் நடந்து காருக்குப் போவேன். ஒருத்தனும் திரும்பிப் பார்க்க மாட்டான். ஒருநாள் இரண்டு பேர் என் பாட்டைப் பற்றியே வாய் ஓயாமல் பேசிக்கொண்டிருந்தார்கள், அதில் ஒருத்தன் என்னைக் கொஞ்சம் தள்ளி நிற்கச் சொன்னான். தள்ளி நின்றேன். அன்றைக்குக் காரில் என் கால் ஆடிய ஆட்டத்தில் கூட்டாளி என் முட்டியைக் கையால் அமுக்கிப் பிடித்துக்கொண்டு வந்தான்.

அப்போதுதான் கலிஃபோர்னியாவிலிருந்து அந்த ஆள் வந்தார். பே ஏரியாவில் சின்னதாக ஒரு ரெக்கார்ட் கம்பெனி நடத்துபவர். ஆல்பம் போடுகிறேன், ஒரு வருஷம் ஊர் ஊராக அனுப்புகிறேன், கலிஃபோர்னியாவிலேயே ஓக்லாண்டில் ஒரு நிகழ்ச்சி பார்த்துவிட்டுக் கையெழுத்து என்றார். நிபந்தனை ஒன்றே ஒன்று. முகமூடி கழலக் கூடாது. மேடையில், போட்டோவில், பேட்டியில், எங்கேயும். "நீ யாரு, எந்த நாடுன்னு ஒருத்தருக்கும் தெரியக் கூடாது. ஆபீஸ்ல கம்ப்யூட்டர் ரிப்பேர் பண்ற பையன் மாதிரி இருக்கறவனைப் பார்த்து எவன் பயப்படுவான்?" என்றார். கூட்டாளி சரி என்றான். நானும் சரி என்றேன். பாடியே பிழைக்க எனக்கு இருந்த ஒரே வழி அதுதான், விட்டால் அப்பா சொன்ன கம்ப்யூட்டர் வேலை.

ஓக்லாண்டுக்கு முந்தின ஞாயிற்றுக்கிழமை அம்மாவைப் பேர்லேண்ட் மீனாட்சி கோயிலுக்குக் கூட்டிக்கொண்டு போயிருந்தேன். அம்மா ஃப்ரீவேயில் ஓட்ட மாட்டாள். பார்க்கிங் லாட்டில் ஒரு ஆன்டி கையில் எதையோ ஆட்டிக்கொண்டு ஓடிவந்தார். மெட்ராஸ் ஆன்டி, எங்கள் கிரகப்பிரவேசத்துக்கு வந்தவர். கையில் என் கேஸட்.

"என் பையன் கார்ல இருந்துச்சு. இந்த மூஞ்சியை எங்கேயோ பாத்திருக்கேனேன்னு பாத்தா, உங்க வீட்டுது! ரோஸ் கலர் நெயில் பாலிஷ் போட்ட பல்லு, ஹூஸ்டன்ல வேற எவங்க வீட்டுல இருக்கு? இது எப்படி இதுல ப்ரின்ட் ஆச்சு?"

என் மூளையை நினைத்து இப்போதும் தலையில் அடித்துக்கொள்ளத் தோன்றுகிறது. அமெரிக்காவே அடையாளம் கண்டுபிடிக்க முடியாத மாதிரி ஒளிந்துகொண்டேன் என்று இறுமாப்பாக இருந்தேன். ஒளிந்துகொள்ள நான் எடுத்ததோ, இந்த ஊரில் ஒவ்வொரு தமிழ் ஆன்டியும் கூடவே நின்று போட்டோ எடுத்துக்கொண்ட மூஞ்சி. அம்மா கேஸட்டை வாங்கிப் பார்த்தாள். என்னைப் பார்த்தாள். ஆன்டியிடம், "ஆமாங்க, நம்முளுதுதான்" என்று மட்டும் சொன்னாள்.

கார் ஃப்ரீவே ஏறியதும் அம்மா ஆரம்பித்தாள்.

"பாட்டப் போடு."

"வேண்டாம்மா."

"போடுங்கறேன்."

போட்டேன். அம்மா கொஞ்ச நேரம் கேட்டாள்.

"என்ன சொல்றான்?"

"அவன் இல்லம்மா. நான்தான்."

"செரி, நீ என்ன சொல்ற?"

"ஒருத்தனை வெட்டி ஐஸ் பாக்ஸ்ல வைக்கறேன்."

"ஆரை?"

"யாரையும் இல்ல. சும்மா."

"கோழி வெட்டறதப் பாத்துப்போட்டுக் காச்சல்ல படுத்தவன் நீயி" என்றாள் அம்மா. திட்டு விழும் என்று காத்திருந்த எனக்கு, அவள் சொன்ன விதம்தான் சுருக்கென்றது. எல்லாவற்றையும் கொட்டினேன். பாட்டு, மேடை, கலிஃபோர்னியா, நிபந்தனை. இவ்வளவு பேர் கேட்கிறார்கள், ஆனால் பாடுவது நான்தான் என்று ஒருத்தருக்கும் தெரியாது, அதுதான் தாங்க முடியவில்லை என்றும் சொன்னேன்.

"அந்தப் பொம்மையக் கட்டறதே அதுக்குத்தான?" என்றாள் அம்மா. "ஊருக்கண்ணு பூராவும் அதும்மேல உழுகோணும், பொறத்தால இருக்கறவீக மேல உழுகப்படாது. நீயே போயி அதும் பொறத்தால நின்னுக்கிட்டு, என்னைய ஒருத்தரும் பாக்கறதில்லைனா எப்படிப் பாப்பாங்க? அதுல அதோட கண்ணையும் நோண்டிப்போட்ட."

எனக்கு எங்கிருந்துதான் அவ்வளவு கோபம் வந்ததோ. "உங்களுக்கு என்னம்மா தெரியும்? என் மூஞ்சியோட நின்னா சிரிக்கறாங்க! தெரியுமா?" என்று ஸ்டியரிங்கில் ஓங்கி அடித்துக் கத்தினேன்.

அம்மா வெளியே பார்த்துக்கொண்டு, "நாம எறங்கற எக்ஸிட் போயிருச்சு" என்றாள்.

ஓக்லாண்டில் அந்த ஹால் ஒரு காலத்தில் கிடங்காக இருந்திருக்க வேண்டும். கம்பெனிக்காரர் ஒலிபெருக்கிக்குப் பக்கத்தில் கையைக் கட்டிக்கொண்டு நின்றார். முதல் இரண்டு பாட்டும் அருமையாகப் போயின. முகமூடிக்குள் ஒரே வியர்வை. காகிதக் கூழ் ஊறிப்போய், அம்மாவின் பெட்டியிலிருந்த பாச்சா உருண்டை வாசனை வந்தது. கூட்டத்தை ஓட்டை வழியாகப் பார்த்தேன். எல்லாக் கண்ணும் என் கண்ணுக்குக் கொஞ்சம் மேலே, பொம்மையின் நெற்றியில் இருந்தது. ஒருத்தர்கூட என்னைப் பார்க்கவில்லை. மூன்றாவது பாட்டின் நடுவில், யோசித்தெல்லாம் இல்லை, கை தானாகப் போய்க் கழற்றிவிட்டது.

கூட்டாளியின் தாளம் ஒரு அடி தடுமாறியது. யாரோ சிரித்தார்கள். யாரோ "மாஸ்க்கைப் போடு" என்று கத்தினார்கள். முன்னால் நின்ற ஒரு பெண் மட்டும் கண்ணை எடுக்காமல் என் முகத்தையே பார்த்தாள். வார்த்தை இரண்டு இடத்தில் தவறியது. ஆனாலும் பாட்டை முடித்தேன். கைதட்டல் வந்தது. பெரிதாக இல்லை, மட்டமாகவும் இல்லை.

கம்பெனிக்காரர் கோபப்படவில்லை. "நல்லாத்தான் பாடறே. ஆனா இதை என்னால விக்க முடியாது" என்றார். கூட்டாளிதான் முகம் கொடுத்துப் பேசவில்லை. "என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்" என்றான். அவனுடைய தாளம் அவர்களுக்கு வேண்டியிருந்தது, அவன் அங்கேயே தங்கினான். நான் மட்டும் ஊருக்கு விமானம் ஏறினேன். பிறகும் சில வருஷம் என் முகத்தோடு, என் குரலோடு, சின்னச் சின்ன ஹால்களில் பாடினேன். கேஸட் போய் சிடி வந்தது. அதையும் டிரங்கில் வைத்துத்தான் விற்றேன். பகலில் கம்ப்யூட்டர் வேலை.

ஓக்லாண்டிலிருந்து திரும்பிய அன்று மதியம் அம்மா கதவைத் திறந்தாள். பையிலிருந்து பொம்மையை எடுத்துக் கொடுத்தேன். வாங்கித் தூசி தட்டினாள்.

"போட்டுட்டுப் பாடினியா?"

"பாதில கழட்டிட்டேன்மா."

"உன்ர மூஞ்சியோடயா? அத்தன பேருக்கு முன்னாலயா?"

"ஆமா. அந்த ஆளு வேண்டாம்னுட்டான். எல்லாம் போச்சு."

எல்லாம் போச்சு என்றது அவள் காதில் விழுந்ததாகவே தெரியவில்லை. விறுவிறுவென்று சமையலறைக்குப் போய், கல்லுப்பும் வரமிளகாயும் கடுகும் கைநிறைய அள்ளிக்கொண்டு வந்தாள். அடுப்பில் போட்டால் ஸ்மோக் அலாரம் அலறும் என்பதால் கொல்லைப்பக்கம் பார்பிக்யூ கிரில்லை மூட்டினாள். பக்கத்தில் நாற்காலி போட்டு, கிழக்கே பார்த்து உட்கார வைத்தாள்.

"ஆடாம உக்காரு. ஓக்லாண்டுக்காரங் கண்ணு, ஹூஸ்டங்காரங் கண்ணு, சிரிச்சவங் கண்ணு, கை தட்டினவங் கண்ணு, அந்தக் கம்பெனிக்காரங் கண்ணு, அல்லாக் கண்ணும் போகோணும். துப்பு."

துப்பினேன். மூன்று முறை சுற்றிக் கங்கில் போட்டாள். மிளகாய் படபடவென்று வெடித்துக் கருகியது. திருஷ்டி இல்லையென்றால் நெடி ஆளைத் தூக்கும், இருமித் தள்ள வைக்கும். கடும் திருஷ்டி என்றால் நெடியே வராது. அதுதான் அம்மாவின் கணக்கு. இருவரும் காத்திருந்தோம். இருமல் வரவில்லை. தும்மல்கூட வரவில்லை.

"பாத்தியா, பாத்தியா!" அம்மாவின் முகத்தில் அப்படி ஒரு பெருமையை நான் பட்டம் வாங்கிய அன்றும் பார்த்ததில்லை. "துளி நெடி இல்ல. எத்தன கண்ணு பட்டிருக்குது பாரு எம் பையன் மேல!"

கடல் பக்கமிருந்து நல்ல காற்று அடித்துக்கொண்டிருந்தது. புகை மொத்தமும் வேலி தாண்டிப் பக்கத்து வீட்டுக்குப் போனது. அங்கே யாரோ இருமுவதுகூடக் கேட்டது.

"நல்ல கூட்டம்மா" என்றேன்.