பன்னிரண்டு மணிச் சங்கு

கல்லில் செதுக்கிவிட்டால் பொய்யும் வரலாறு ஆகிவிடும் என்று எங்கள் நகரசபைக்கு யார் சொல்லிக்கொடுத்தார்களோ தெரியவில்லை. ஆற்றங்கரையில் புதிதாகப் போட்ட நடைபாதையில் ஆளுயரக் கருங்கல் ஒன்றை நட்டு, ஊரின் கதையை எழுதியிருந்தார்கள். படகுகள் வந்தன, சந்தை கூடியது, பாலம் எழுந்தது, எல்லாம் இருந்தது. கடைசிக்கு முந்திய வரியில், ‘கீழ்த்தெருவை அழித்த பெருவெள்ளம் எந்த முன்னறிவிப்பும் இன்றி வந்தது’ என்று இருந்தது. திறப்பு விழாவுக்காகத் துணி போர்த்தும் முன்பே என் சித்தி அதைப் படித்துவிட்டாள். வீட்டுக்கு வந்து ஒரு வாய் சாப்பிடவில்லை. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அந்த முன்னறிவிப்பைக் கொடுத்தவளே அவள்தான்.

சந்தைக் கட்டடத்தின் உச்சியில் ஒரு மின்சார சைரன் இருக்கிறது. ஊரில் அதற்குச் சங்கு என்றே பெயர். மேலே அணை கட்டிய காலத்தில், மதகைத் திறந்தால் கரையில் இருப்பவர்களுக்குத் தெரிய வேண்டுமே என்று வாங்கி வைத்தது. அந்தச் சங்கு அறையில் முதலில் வேலை பார்த்தவர் சித்தியின் அப்பா. அவருக்குப் பிறகு அந்த வேலை சித்திக்கு வந்தது. சங்கின் காலடியிலேயே இருந்து இருந்து அவளுக்குக் காது மந்தம். ரகசியம் பேசினாலும் தெருக்கோடி வரை கேட்கும். கல்யாணம் பேச வந்த சித்தப்பாவிடம், “என் வேலைய விடச் சொன்னா இப்பவே எந்திரிச்சுப் போயிடுங்க” என்று அவள் சொன்னது பக்கத்து வீட்டுக்கும் கேட்டதாம். அவர் எழுந்து போகவில்லை. கீழ்த்தெருவில் பூட்டு ரிப்பேர் கடை வைத்திருந்தார், சாந்தமான மனிதர். இருவருக்கும் சேர்த்து அவள்தான் சண்டை போடுவாள்.

இப்போதும் பதவியில் இருக்கும் நகரசபைத் தலைவர் அப்போதுதான் புதிதாக வந்திருந்தார். சந்தைக் கடிகாரம் ரிப்பேர். அதைச் சரிசெய்ய மனசு வராமல், தினமும் மத்தியானம் பன்னிரண்டுக்குச் சங்கு ஊதட்டும் என்று உத்தரவு போட்டார். சித்தி படியேறிப் போய் அவர் மேஜை முன்னால் நின்றாள்.

“வருஷம் பூரா சும்மாதானேம்மா கெடக்குது. மத்தியானம் ஒரு தடவ ஊதினா கொறஞ்சா போயிடும்?” என்றார் தலைவர்.

“கொறையாது. பழகிடும். அதான் பயமா இருக்கு.”

“ஒண்ணு ஊதினா சாப்பாடு, மூணு ஊதினா வெள்ளம். ஜனங்களுக்கு இது கூடவா புரியாது?”

புரியவில்லை. புரிய வேண்டிய அவசியமும் வரவில்லை, வருஷக்கணக்கில். ஊர் அந்தச் சங்குக்கு வயிற்றைப் பழக்கிக்கொண்டது. கீழ்த்தெருவில் சங்கு கேட்டதும் எல்லாக் கடை ஷட்டரும் பாதிக்கு இறங்கும். வாடிக்கையாளர் தொந்தரவு இல்லாமல் உள்ளே உட்கார்ந்து சாப்பிடுவார்கள். கடிகாரம் முன்னே பின்னே ஓடினால் சங்கைக் கேட்டுத் திருப்பி வைத்துக்கொள்வார்கள்.

வெள்ளம் வந்த நாளில் மழைகூட இல்லை. பதினொன்றரை மணிக்கு அணையிலிருந்து போன் வந்தது. திறக்கப்போகிறோம் என்று அல்ல, திறந்துவிட்டோம் என்று. அந்தப் புண்ணியவான்களுக்கு அவ்வளவு நிதானம். சித்தி பொத்தானை அழுத்தினாள். விட்டு விட்டு மூன்று முறை ஊதினாள். மறுபடி மூன்று. சங்கு அறை ஜன்னலிலிருந்து பார்த்தால் கீழ்த்தெரு முழுக்கத் தெரியும். யாராவது ஓடுகிறார்களா என்று எட்டிப் பார்த்தாள். ஒவ்வொரு கடையாக ஷட்டர் பாதிக்கு இறங்கிக்கொண்டிருந்தது.

பொத்தானிலிருந்து கையை எடுத்தால் சங்கு நின்றுவிடும். எடுக்காவிட்டால் இறங்கி ஓடிப்போய்ச் சொல்ல முடியாது. அவள் கையை எடுக்கவில்லை. ஜன்னல் வழியாகத் தொண்டை கிழியக் கத்தினாள். அவள் தலைக்கு மேலேயே அலறிய சங்கு அவள் குரலை விழுங்கிவிட்டது. ‘பொத்தான் சிக்கிக்கிச்சு போல, அந்தம்மா பாவம்’ என்று கீழே சிரித்தார்களாம். பாதி இறங்கிய ஷட்டருக்குப் பின்னால் உட்கார்ந்தவர்களுக்குத் தண்ணீர் வருவது தெரியவே இல்லை.

எதிர்க்கடைத் தையல்காரர் எதையோ வாங்க மேட்டுக்குப் போயிருந்ததால் பிழைத்தார். சித்தப்பாவின் காரியம் முடிந்த பிறகு வந்து சித்தியிடம் சொன்னார். “நான் கெளம்புறப்ப சங்கு கேட்டுச்சும்மா. மணி பன்னண்டு ஆகலியேன்னு அண்ணன்கிட்ட கேட்டேன். ‘என் வீட்டம்மா தப்பா ஊதமாட்டா, கடிகாரம்தான் லேட்டு’ன்னுட்டு ஸ்டூல் போட்டு ஏறி முள்ளத் திருப்பி வச்சாரு.”

சித்தி ஒன்றே ஒன்றுதான் கேட்டாள். “சாப்ட்டாரா?”

தையல்காரருக்குத் தெரியவில்லை.

இவ்வளவுக்கும் பிறகு, முன்னறிவிப்பு இல்லையாம்! வரியை எடுக்கச் சொல்லி சித்தி நகரசபைக்குப் போனபோது நானும் கூடப் போனேன்.

“நீங்க ஊதினது யாருக்கும்மா தெரியாது?” என்று தலைவர் குழைந்தார். “ஆனா அத எழுதினா, அப்புறம் ஏன் ஒருத்தரும் ஓடலன்னு கேப்பாங்க.”

“கேக்கட்டும்.”

“கேட்டா உங்களையும்தானே சொல்லுவாங்க? விடுங்க. விழாவுல சரியா பன்னண்டுக்கு நீங்க ஊதுங்க, நான் துணிய விலக்குறேன். உங்களுக்கும் ஒரு மரியாத.”

என் வாயில் நல்ல வார்த்தை வரவில்லை. சித்தி மட்டும், “சரி, ஊதுறேன்” என்றாள். தெருவுக்கு வந்ததும் அவளிடம் எரிந்து விழுந்தேன். “உனக்கு ரோஷமே இல்லியா சித்தி?” அவள் சந்தைப் பக்கம் நடந்தாள்.

விழாவன்று நான் மேடைக்குப் பக்கத்தில் நின்றிருந்தேன். தலைவர் பேச ஆரம்பித்திருந்தார். ஓரத்தில் சாப்பாட்டுப் பொட்டலங்களை அடுக்கி வைத்திருந்தார்கள். திடீரென்று சங்கு ஊதியது. நின்றது. மறுபடி ஊதியது. மறுபடியும்.

கூட்டம் எழுந்தது. சத்தியமாகச் சொல்கிறேன், நேராகப் பொட்டலங்களிடம் போனது. ஆறு பக்கத்திலேயே ஓடிக்கொண்டிருக்கிறது, ஒருத்தர் தலை அந்தப் பக்கம் திரும்பவில்லை. தலைவர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார், புருவத்தைச் சுருக்கினார், முள்ளைத் திருகினார். பிறகு பேச்சை அவசரமாக முடித்துத் துணியின் கயிற்றைப் பிடித்தார்.

அதற்குள் சித்தி சந்தையிலிருந்து இறங்கி வந்துவிட்டாள். அவளுக்கு மைக் எதற்கு?

“கயித்த விடுங்க. மணி இன்னும் பன்னண்டு ஆகல. நான் மூணு தடவ ஊதினேன். ஒருத்தராவது ஆத்தத் திரும்பிப் பாத்தீங்களா?”

பொட்டலத்தைப் பிரித்த கைகள் அப்படியே நின்றன. வரிசையில் நின்ற தையல்காரர் தன் பொட்டலத்தைத் தரையில் வைத்துவிட்டார்.

சித்தி மேடையை நிமிர்ந்து பார்த்தாள். “உங்க வாட்சு எத்தன மணி காட்டுது?”

தலைவர் சட்டைக் கையை இழுத்துக் கடிகாரத்தை மூடிக்கொண்டார்.

“அவரும் இப்படித்தான் திருப்பி வச்சாரு” என்றாள் சித்தி. அப்போதுதான் அவள் குரல் உடைந்தது.

அன்றைக்குத் துணி விலகவில்லை. கீழ்த்தெருக்காரர்கள் விலக்க விடவில்லை. அந்த வரியைச் செதுக்கி எடுத்த இடம் இப்போது கல்லில் வெறும் பள்ளமாக இருக்கிறது. சங்கு ஊதியது என்று எழுத நகரசபைக்கு இன்னும் மனசு வரவில்லை. அந்தக் கோபம் எனக்குத் தீரப்போவதும் இல்லை. ஆனால் பன்னிரண்டு மணிச் சங்கை நிறுத்திவிட்டார்கள். பசித்தால் அவரவர் வீட்டுக் கடிகாரத்தைப் பார்த்துக்கொள்கிறார்கள். முதல் நாள் அந்த மேஜை முன்னால் நின்று சித்தி கேட்டது இவ்வளவுதான்.