பெரியநாயகியின் வலது காது

திண்டிவனத்து ஸ்ரீநிதிக்கு ஜெர்மனியின் டிரெஸ்டன் நகர ஆராய்ச்சி நிலையத்தில் ஒரே வேலைதான். ஆப்பிரிக்கப் புல்வெளியிலிருந்து வரும் படங்களைப் பார்த்து, புள்ளிக் கழுதைப்புலிகளை ஒவ்வொன்றாக அடையாளம் காண வேண்டும். உடம்புப் புள்ளிகள்தான் அடையாளம். இடப்பக்கம் ஒரு மாதிரி, வலப்பக்கம் வேறு மாதிரி. இரண்டு வருடம் கண் பூத்துப்போகப் பார்த்து எழுபத்து மூன்று விலங்குகளுக்கு அட்டவணை போட்டிருந்தாள். கூட்டத்தின் தலைவிக்குப் பெரியநாயகி என்று பெயரும் வைத்திருந்தாள்.

அன்று மாலை நிலையத்தில் திறக்கவிருந்த கண்காட்சிக்கான பலகை காலையிலேயே சுவரில் ஏறியிருந்தது. குட்டிகளோடு நிற்கும் ஒரு கழுதைப்புலியின் படம். அடியில், "அட்டவணையில் இல்லாத புதிய ஆண், குட்டிகளைக் காக்கும் தந்தை" என்று எழுதியிருந்தது.

அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. தந்தையாம்! கழுதைப்புலிக் கூட்டத்தில் அப்பன்காரன் குட்டியை எட்டிக்கூடப் பார்ப்பதில்லை. வளர்ந்த ஆண் பெரும்பாலும் பிறந்த கூட்டத்தை விட்டுப்போய், புது இடத்தில் கடைசி ஆளாக நிற்கும். தலைவியின் பொடிக்குட்டிக்குக்கூட வழிவிடும். ஒரு வருடத்துக்கு மேல் பாலூட்டுவது தாய். தாயின் அந்தஸ்துதான் குட்டிக்கும். வெளித்தோற்றத்தில் ஆண் பெண் தெரியாது என்றால், இஷ்டத்துக்கு எழுதிவிடலாமா?

எழுதியவர் குழுவின் மூத்த ஆராய்ச்சியாளர் குருமூர்த்தி.

"உன் கேட்டலாக்ல ரெண்டு தடவை தேடினேன்மா, மேட்ச் ஆகல. நீ மிஸ் பண்ணிட்டே. டைரக்டர்கிட்டயும் சொல்லிட்டேன்" என்றார்.

அடுத்த மாதம் அவளுடைய ஒப்பந்தத்தை நீட்டிப்பதா வேண்டாமா என்று முடிவு செய்பவரே அந்த இயக்குநர்தான். ஸ்ரீநிதி படத்தை உற்றுப் பார்த்தாள். கிழிந்த காது! பெரியநாயகிக்குக் கிழிந்தது வலது காது, இதில் இடது.

"சார், போட்டோவைத் திருப்பினீங்களா?"

"லேஅவுட்டுக்காக ஃப்ளிப் பண்ணேன். எழுத்தைப் பார்த்து நிக்கட்டும்னு."

திருப்பிய படத்தை வைத்துக்கொண்டுதான் மனுஷர் அட்டவணையில் தேடியிருக்கிறார்! அவள் அதை நேராக்கிக் காட்டினாள். புள்ளிக்குப் புள்ளி பெரியநாயகி.

"சரி விடு. நாலு மணிக்கு ஓப்பனிங், இப்ப மாத்த முடியாது. யாருக்குத் தெரியப்போகுது? நீ வர்றவங்களுக்குக் காபியைக் கவனிச்சுக்கோ."

நாலு மணிக்கு அவள் காபிப் பக்கமே போகவில்லை. ஒரு தாளில் தடித்த எழுத்தில் ஜெர்மனில் எழுதி, பலகையின் மேலேயே ஒட்டினாள்: "இது பெரியநாயகி. கூட்டத்தின் தலைவி, இந்தக் குட்டிகளின் தாய். அட்டவணையில் முதல் எண். படம் இடவலம் மாற்றப்பட்டுள்ளது."

இயக்குநர் வந்தார். நின்று படித்தார். படத்தைத் திருப்பியது யார் என்று கேட்டார்.

வேறு ஆளில்லாமல் காபித் தட்டைத் தானே ஏந்திக்கொண்டு வந்த குருமூர்த்தி, தட்டை இயக்குநர் பக்கம் நீட்டினார். ஸ்ரீநிதி அவருடைய பெயரைச் சொன்னாள்.