வேலுப்பிள்ளை நாகலிங்கம், இரண்டு பேர்

1. தமையன்

“அண்ணை, என்ர மனுசனை என்ர தமையன் எண்டு எழுதியிருக்கினம். ஒருக்கா வாசிச்சுப் பாருங்கோ.”

திங்கட்கிழமை காலை. எங்கள் பதிவாளர் கந்தோர் திறந்து பத்து நிமிடம்கூட ஆகவில்லை. நான் இன்னும் கதிரையைத் துடைத்துக்கொண்டிருந்தேன். என் மேசைக்கு முன்னால் தர்சிகா நின்றாள். நயினாதீவுக்காரி. முதல் வள்ளத்தில் கடலைத் தாண்டிக் குறிகட்டுவான் துறைக்கு வந்து, அங்கிருந்து பஸ் பிடித்து வந்திருந்தாள். கையில் ஒரு வெளிநாட்டுத் தூதரகத்தின் கடிதம்.

பதிவுப் பகுதிக்குப் புதிதாக வரப்போகும் பட்டதாரித் தம்பி தங்கைகளுக்காக இதை எழுதுகிறேன். எனக்குச் சேவைக்காலம் நான்கு வருடம்தான். அனுபவம் எழுத அது காணாது என்பார்கள். ஆனால் ஒரு பிழையை ஒழுங்காகச் செய்து முடிக்க நான்கு வருடம் தேவையில்லை. எனக்கு ஒரு வெள்ளிக்கிழமை போதுமாக இருந்தது.

கடிதத்தின் சாரம் இதுதான். தர்சிகாவின் கணவன் கஜன் அந்த நாட்டில் இருக்கிறான். கலியாணம் முடிந்து இரண்டு வருடம். அவளைக் கூப்பிட ஸ்பொன்சர் செய்திருக்கிறான். இருவரும் பிறப்பு அத்தாட்சிப் பத்திரம் கொடுத்திருக்கிறார்கள். இரண்டிலும் தந்தையின் பெயர் வேலுப்பிள்ளை நாகலிங்கம். தந்தை பிறந்த இடம் நயினாதீவு. தாய் மட்டும் வேறு. ஆகவே ஒரு தகப்பனுக்கு இரண்டு தாரத்தில் பிறந்த பிள்ளைகள் கலியாணம் கட்டியிருப்பதாகத் தோன்றுகிறது, முப்பது நாளுக்குள் விளக்கம் தரவும், தவறினால் விண்ணப்பம் நிராகரிக்கப்படும்.

“ஊருக்கை கதை பரவிட்டுது. வள்ளத்துக்கை ஒருத்தி ‘தமையன் சுகமோ?’ எண்டு கேக்கிறாள். இவருக்கு லீவு கிடைச்சு வர இன்னும் எத்தினை வரியம் செல்லுமோ தெரியாது. இதுவும் பிழைச்சா நான் இஞ்சை இருக்கிறதோ, அவர் அங்கை இருக்கிறதோ, சொல்லுங்கோ?”

நான் இரண்டு பத்திரங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். வெளிநாட்டுக்காரனில் பிழையே இல்லை. இரண்டும் போரில் இடம்பெயர்ந்த காலத்தில் காலங்கடந்து பதிந்தவை. தந்தையின் பிறந்த திகதிக் கட்டத்தில் இரண்டிலும் ஒரு கோடு. தொழில் என்ற இடத்தில் இரண்டிலும் ‘கமம்’, அதாவது விவசாயம். அந்த நாளில் முகாமில் இருந்தவர் கப்பலோட்டினாலும் கடை வைத்திருந்தாலும் எழுதியவர் எல்லோரையும் கமக்காரர் ஆக்கிவிட்டுப் போயிருக்கிறார்.

2. கட்டத்துக்குள் அடங்காத பெயர்

இந்த இடத்தில் பெயர் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். எனக்கு அதில் ஒரு விசர். பழைய பதிவேடுகளைத் தூசு தட்டும் சாட்டில் பெயர்களைக் கொப்பியில் எழுதிவைப்பேன்.

நயினாதீவில் நாகபூசணி அம்மன் இருக்கிறா. பிள்ளை இல்லாதவர்கள் அம்மனுக்கு நேருவார்கள். பிறந்தால் நாகம்மா, நாகேஸ்வரி, நாகராசா, நாகரத்தினம், நாகமுத்து. படமெடுத்த நாகம் லிங்கத்துக்குக் குடை பிடிக்கிற தோற்றம்தான் நாகலிங்கம். கேட்க எவ்வளவு வடிவு! ஆனால் அம்மன் கேட்டதெல்லாம் கொடுத்ததில் பழைய பதிவேட்டில் ஒரு பக்கத்தைப் புரட்டினால் மூன்று நாகலிங்கம் எழும்பி நிற்பார்கள். முருகனுக்கு நேர்ந்தால் வேலுப்பிள்ளை. அம்மனுக்கு நேர்ந்தால் நாகலிங்கம். இரண்டு தலைமுறை வரிசையாக நேர்ந்தால் வேலுப்பிள்ளை நாகலிங்கம். ஊர்காவற்றுறைப் பக்கத்துச் சந்தியாப்பிள்ளைகளும் சூசைப்பிள்ளைகளும் இதே கதைதான். கோயில் மட்டும் வேறு.

எங்கள் தலைமுறைப் பெயர்களுக்குத் தயவுசெய்து பொருள் கேட்காதீர்கள். வைத்த எண்சாத்திரிக்கே தெரியாது.

அடுத்தது குடும்பப் பெயர். எங்களிடம் அது இல்லை. தகப்பன் பெயர் முன்னால், தன் பெயர் பின்னால், அவ்வளவுதான். பேரப்பிள்ளை வந்ததும் பாட்டன் பெயர் கழன்றுவிடும். ஆனால் வெளிநாட்டுப் படிவங்களில் குடும்பப் பெயருக்கு ஒரு கட்டம் இருக்கிறது, அதை வெறுமையாக விட ஏலாது. நான் வேலைக்கு வந்த முதல் கிழமையில் ஒருவர் அந்தக் கட்டத்துக்குள் மனைவி, மூன்று பிள்ளைகள், மாமியார் எல்லோரையும் நுணுக்கி எழுதிக்கொண்டு வந்தார். “குடும்பம் எண்டா எல்லாரும்தானே தம்பி” என்றார். கஜன் போய் இறங்கியபோது தகப்பன் பெயரைக் கொடுத்திருக்கிறான். நாகலிங்கம் அவனுடைய குடும்பப் பெயராகிவிட்டது. தர்சிகாவுக்கும் கடவுச்சீட்டில் அதே பெயர்.

ஊரில் இந்தக் குழப்பம் ஒரு நாளும் வந்ததில்லை. கஜனின் தகப்பன் கப்பலில் வேலை செய்தவர், கப்பல் நாகலிங்கம். தர்சிகாவின் தகப்பன் தெற்கில் கடை நடத்தியவர், முதலாளி நாகலிங்கம். தபால்காரருக்கும் தெரியும், கோயில் ஐயருக்கும் தெரியும். பதிவேட்டுக்குத்தான் தெரியாது.

3. நான் எழுதிய நாலு பக்கம்

எனக்கு வந்திருக்கவேண்டிய யோசனை மிகச் சுலபமானது: அந்த இரண்டு மனிதரின் பிறப்புப் பதிவையும் எடு, அடையாள அட்டைப் பிரதியை இணை, அனுப்பு. எனக்கு அது வரவில்லை. எனக்கு வந்தது கட்டுரை.

கிழமை முழுவதும் எழுதினேன். ஆங்கிலத்தில் நாலு பக்கம். அம்மன் கோயில் கதையில் வரும், வாயில் பூவோடு கடலைக் கடந்து வந்த நாகமும் அதைத் துரத்திய கருடனும் முதல் பக்கத்தில். நேர்த்தி இரண்டாம் பக்கத்தில். தகப்பன் பெயர் ஏன் குடும்பப் பெயர் அல்ல என்பது மூன்றாம் பக்கத்தில். நாலாம் பக்கத்தில் கை சும்மா இருக்கவில்லை. இவர்கள் சகோதரர் அல்ல, எங்கள் வழக்கப்படி மணமுடிக்கும் முறை உள்ளவர்கள், தர்சிகாவின் தாயும் கஜனின் தகப்பனும் ஒன்றுவிட்ட சகோதரர், அதனால் பிள்ளைகள் மச்சான் மச்சாள், இதைவிடப் பொருத்தமான சம்பந்தம் தீவில் கிடையாது என்று பெருமையாக முடித்தேன்.

வெள்ளிக்கிழமை மூன்றரை மணி. எங்கள் மேலதிக மாவட்டப் பதிவாளர், கந்தோரில் ஏ.டி.ஆர். சேர், யாழ்ப்பாண பஸ்ஸைப் பிடிக்கும் அவசரத்தில் நின்றார்.

“என்ன ஐசே, இவ்வளவு நீளம்?”

“விளக்கம் கேட்டிருக்கினம் சேர்.”

“பிழை ஒண்டும் இல்லையே?”

“நாலு தரம் பார்த்தனான் சேர்.”

ஒப்பம் வைத்தார். முத்திரை குத்தினேன். தர்சிகா நாலு பக்கத்தையும் பார்த்து, “இவ்வளவு எழுதினா விடுவாங்கள், என்ன அண்ணை?” என்று கேட்டாள். “விடாமல் இருப்பாங்களோ?” என்றேன்.

4. இரண்டாம் கடிதம்

பதில் கெதியாக வந்தது. இந்த முறை ஒரே பந்தி. மணமக்கள் இருவரும் இரத்த உறவினர் என்பதை உரிய பதிவு அதிகாரி தன் ஒப்பத்துடன் உறுதிப்படுத்தியுள்ளார், அதைக் கவனத்தில் எடுத்துள்ளோம், இரு தந்தையரும் வெவ்வேறு ஆட்கள் என்பதற்கு அத்தாட்சி எதுவும் இணைக்கப்படவில்லை, இறுதித் தவணை பதினான்கு நாள்.

சேர் கடிதத்தை இரண்டு தரம் வாசித்தார். தேத்தண்ணியைத் தள்ளி வைத்தார்.

“ஐசே, அவங்கள் சந்தேகப்பட்டதை நீர் உறுதிப்படுத்திக் குடுத்திருக்கிறீர். அதுவும் என்ர ஒப்பத்தோட!”

“சேர், மச்சான் மச்சாள் எண்டால் எங்கட முறையில…”

“எங்கட முறையை ஆர் உம்மட்டைக் கேட்டது? நாளைக்கு விசாரணை எண்டு வந்தா அந்தப் பாம்பும் பருந்துமோ வந்து எனக்குச் சாட்சி சொல்லப்போகுது?”

நடந்ததைத் தர்சிகாவுக்குத் தொலைபேசியில் சொன்னேன்.

“அண்ணை, நீங்கள் விளங்கப்படுத்தினது காணும். இனி ஒரு சொல்லும் எழுதவேண்டாம். ரெண்டு பேரையும் நான் கூட்டிக்கொண்டு வாறன். ஆக்களைக் காட்டுவம்.”

“நல்ல யோசனை. நாளைக்கே வாங்கோ.”

“அதிலைதான் ஒரு சிக்கல். ரெண்டு பேரும் கதைக்கிறேல்லை.”

காரணத்தைக் கேட்டு நான் தலையில் கை வைத்தேன். கலியாணக் காட்டில், அதாவது அழைப்பிதழில், மேலே ‘வேலுப்பிள்ளை நாகலிங்கம் தம்பதிகளின் மகள்’ என்றும் கீழே ‘வேலுப்பிள்ளை நாகலிங்கம் தம்பதிகளின் மகன்’ என்றும் எழுதிக் கொடுத்திருக்கிறார்கள். அச்சுக்கூடத்துக்காரர், ஒரே பெயர் இரண்டு தரம் வந்திருக்கிறது, கைப்பிழையாக்கும் என்று கீழே உள்ளதை வெட்டிவிட்டார். காட்டெல்லாம் கொடுத்து முடிந்த பிறகுதான் கண்டிருக்கிறார்கள். மாப்பிள்ளையின் தகப்பன் பெயரில்லாத காட்டுடன் கலியாணம் நடந்தது. அன்றிலிருந்து கப்பலார் முதலாளியாரின் வாசலை மிதிக்கவில்லை.

5. முதல் இரண்டு பேராகுங்கோ

வியாழக்கிழமை இருவரையும் கொண்டுவந்து சேர்த்தாள். எப்படிக் கொண்டுவந்தாள் என்று இன்றுவரை சொல்லவில்லை. வள்ளத்தின் இரண்டு அந்தத்தில் இருவரும் இருந்திருக்கிறார்கள். பாதிக்கடலில் கப்பலார் தலை சுற்றிச் சத்தி எடுத்திருக்கிறார். முதலாளியார் அதை எங்கள் வாசலிலேயே அறிவித்துக்கொண்டு உள்ளே வந்தார்.

“தம்பி, உலகம் சுத்தினவர் எண்டவை. குறிகட்டுவான் தாண்ட ஏலேல்லை.”

“கடலுக்கை இருந்ததுக்கு எனக்குச் சேவைப் புத்தகம் இருக்குத் தம்பி,” என்றார் கப்பலார், அவரைப் பார்க்காமலே. “கல்லாவுக்கை இருந்ததுக்கு ஆர் புத்தகம் குடுக்கிறது?”

பதிவேட்டில் தேடினோம். கப்பலார் சித்திரையில் பிறந்தவர், முதலாளியார் அதே வருடம் ஆவணியில். பாட்டன்மார் வேறு, வட்டாரம் வேறு. அடையாள அட்டை இலக்கமும் வேறு. இருபது நிமிட வேலை. நாகமும் கருடனும் இல்லாமல் முடிந்துவிட்டது.

அடுத்தது, இருவரும் வெவ்வேறு ஆட்கள் என்ற சத்தியக் கடதாசி. சமாதான நீதவான் ஒருவரைக் கூப்பிட்டு வைத்திருந்தோம். அவர் எழுதத் தொடங்க, கப்பலார் கையை நீட்டித் தடுத்தார்.

“ஆற்ற பெயர் முதல் வருது?”

“ரெண்டும் ஒரே பெயர்தானே ஐயா,” என்றார் நீதவான்.

“பெயர் ஒண்டுதான். ஆள் ஆர் முதல்? நான் சித்திரை, அவர் ஆவணி.”

“பொம்பிளை பகுதிதான் முதல் வாறது,” என்றார் முதலாளியார். “காட்டிலையும் அப்பிடித்தான் வந்தது.”

அந்தச் சொல்லை அவர் சொல்லியிருக்கக் கூடாது. கப்பலார் எழும்பிவிட்டார். “அவன் இல்லை நான் எண்டு சத்தியம் பண்ண எனக்குக் கந்தோர் தேவையில்லை. அறுபது வரியமா ஊர் முழுக்க அதைத்தான் சொல்லிக்கொண்டு திரியிறன்.” கதவடிக்குப் போய்விட்டார். ஏ.டி.ஆர். சேர் தன் அறைக்குள் இருந்து எட்டிப் பார்த்துவிட்டு மெல்லக் கதவைச் சாத்திக்கொண்டார்.

தர்சிகா குறுக்கே போய் நின்றாள். அவள் சத்தம் போடவில்லை. கடிதத்தை மாமனாரின் கையில் கொடுத்தாள்.

“மாமா, நீங்களும் அப்பாவும் ஒராள் எண்டு அவங்கள் எழுதிப்போட்டாங்கள். இன்னும் ஆறு நாளிலை அதுதான் முடிவாகப்போகுது. உங்கட மகன் அங்கை தனியச் சமைச்சுச் சாப்பிட்டுக்கொண்டிருக்கிறார். சண்டை பிடிக்கிறதெண்டாலும் முதல் ரெண்டு பேராகுங்கோ. பேந்து எவ்வளவும் பிடியுங்கோ.”

கப்பலார் ஆங்கிலம் தெரிந்தவர். கடிதத்தைக் கடைசிவரை வாசித்தார். ‘இரத்த உறவினர்’ என்ற இடத்தில் விரலை வைத்துக்கொண்டு என்னைப் பார்த்தார். நான் பதிவேட்டைப் பார்த்தேன்.

“இதை எழுதின மூளை ஆற்ற?”

“என்ர ஐயா.”

“படிச்சனீரோ?”

“ஓம் ஐயா. பட்டதாரி.”

“அதுதானே,” என்று திரும்பி வந்து இருந்தார்.

வழி நீதவானிடமிருந்து வந்தது. ஒரு கடதாசிக்குப் பதிலாக இரண்டு. ஒவ்வொன்றிலும் ஒவ்வொருவர் முதல். ‘வேலுப்பிள்ளை நாகலிங்கம் ஆகிய நான், இங்கு என் அருகில் இருக்கும் வேலுப்பிள்ளை நாகலிங்கம் அல்ல எனச் சத்தியம் செய்கிறேன்.’ எழுதும்போது நீதவானின் தோள் குலுங்கியது. இருவரும் ஒப்பம் வைத்தார்கள். சொல்லிவைத்தாற்போல இரண்டு ஒப்பமும் ‘வே. நாகலிங்கம்’. சேர் வெளியே வந்து பார்த்து, “பெருவிரல் அடையாளமும் எடும் ஐசே” என்றார். அந்த ஒரு யோசனைக்காக அவரை நான் மன்னித்தேன்.

பிறகு படம். இருவரையும் கந்தோர் வாசலில் நிறுத்தி, அடையாள அட்டையை நெஞ்சுக்கு முன்னால் பிடிக்கச் சொன்னேன். இரண்டு பேருக்கும் நடுவில் ஒரு மோட்டர் சைக்கிள் போகலாம். “எப்பன் கிட்ட வாங்கோ” என்றேன். “கிட்ட வந்தா திருப்பியும் ஒராள் எண்டுவாங்கள்” என்றார் முதலாளியார். கப்பலாருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அந்தச் சிரிப்போடுதான் படம் விழுந்தது.

இணைப்புக் கடிதத்தை நான் எழுதினேன். ‘இரு தந்தையரின் ஆவணங்களும் இத்துடன் இணைக்கப்பட்டுள்ளன.’ ஒரே வரி. இரண்டாவது வரி எழுதக் கை துடித்தது. தர்சிகா பேனையை வாங்கிவிட்டாள்.

6. பிறகு

விசா கிடைத்தது. சேர் அதன்பிறகு என் கடிதம் அரைப் பக்கத்தைத் தாண்டினால் ஒப்பம் வைப்பதில்லை.

தம்பி தங்கைகளே, பெயரின் பொருள் தெரிந்திருப்பது நல்லது. அது உங்கள் கொப்பிக்கு. மேசைக்கு முன்னால் நிற்கிறவருக்குத் தேவை ஆவணம். கேட்டதைக் கொடுங்கள். கேளாததைச் சொன்னால், நீங்கள் பெருமையாகச் சொன்னதையே எடுத்து அவருக்கே எதிராக வைத்துவிடுவார்கள். அதன் செலவு உங்கள் தலையில் விழாது, கடிதத்தோடு வள்ளத்தில் வந்த பிள்ளையின் தலையில் விழும். எனக்கு விளங்க இரண்டு கடிதம் தேவைப்பட்டது. நீங்கள் ஒன்றோடு நிறுத்துங்கள்.

போன மாதம் தர்சிகா குரல் செய்தி ஒன்று அனுப்பியிருந்தாள்.

“அண்ணை, இஞ்சை நகரசபையிலை பதியப் போனனாங்கள். கலியாணம் கட்டினபடியா மனுசன்ர குடும்பப் பெயருக்கு மாறப்போறீரோ எண்டு அங்கை இருந்த பொம்பிளை கேட்டாள். மாறத் தேவையில்லை, என்னட்டை ஏற்கனவே இருக்கு எண்டன். எப்ப எடுத்தனீர் எண்டாள். பிறக்கேக்கை எண்டன். அண்ணை, அவள் பேனையை வைச்சிட்டு என்னையும் இவரையும் மாறி மாறிப் பார்த்தாளே ஒரு பார்வை! இவர் வாயைத் திறந்து மச்சான் மச்சாள் எண்டு தொடங்கினார். நான் காலிலை ஒரு மிதி குடுத்திட்டு, பையுக்கை இருந்த, அப்பாவும் மாமாவும் நிக்கிற படத்தை எடுத்து மேசையிலை வைச்சன்.”