ஜுராந்திரின் வாயில் எவனோ ஒருவன்

போன மாதம் ஜுராந்திர் செத்துப்போனான். அஞ்சலி என்று சொல்லித் தொலைக்காட்சியில் அவன் படத்திலிருந்து ஒரு துண்டு காட்டினார்கள். முகம் அவனுடையது, பேசியது எவனோ. பெட்டியை அணைத்துவிட்டு, அந்தக் கோபத்தில் இதை எழுதுகிறேன். மூன்றாம் வகுப்போடு பள்ளியை விட்டவன் நான். பிழை இருக்கலாம், பொய் இருக்காது.

செயாரா மாநிலத்தின் வறண்ட காட்டுப்பக்கம் நாங்கள் ஒரே தெருப் பிள்ளைகள். அவன் அப்பா ஒனொராத்து மாடு மேய்ப்பவர். தோல் சட்டையும் குதிரையுமாக முள்காட்டுக்குள் நின்று அவர் நீட்டிக் குரல் கொடுத்தால், மேட்டுக்கு அப்பால் போன மாடும் திரும்பும். அந்தத் தொண்டை மகனுக்கும் இருந்தது. மழை பொய்த்த வருடம் லாரிப் பலகையில் உட்கார்ந்து சாவோ பாவுலோ பட்டணம் போனோம். நான் சினிமா கம்பெனியில் விளக்குத் தூக்கினேன். அவனைக் குதிரையிலிருந்து விழுகிற வேலைக்கு எடுத்தார்கள். விழுந்து விழுந்தே நடிகனானான்.

நான் ஊர் திரும்பி, எவன் தயவும் இல்லாமல் தியேட்டர் கட்டினேன். அந்த வட்டாரத்திலேயே முதல் தியேட்டர். என் மகளுக்கு அவனை ஞானத்தகப்பனாக நிறுத்தியதிலிருந்து ஒருவரையொருவர் கும்பாதிரி என்றே கூப்பிட்டோம்.

அவன் வசனம் பேசிய முதல் படம் வந்தபோது ஒனொராத்துவுக்குக் கண் முழுக்கப் போயிருந்தது. நானே கையைப் பிடித்து முன்வரிசையில் உட்காரவைத்தேன்.

“அவன் வந்துட்டானா?”

“இதோ பேசுறான் மாமா, கேளுங்க.”

“எவனோ பட்டணத்தான்ல பேசுறான். என் மகன் எப்போ பேசுவான்?”

அப்போதெல்லாம் படம் பிடித்த பிறகுதான் குரலைத் தனியாகச் சேர்ப்பார்கள். எங்கள் ஊர்ப் பேச்சைக் கேட்டால் பட்டணத்தாருக்குச் சிரிப்பு வருமாம். விழுந்து அடிபட எங்கள் உடம்பு வேண்டும், பேச எங்கள் நாக்கு ஆகாது. ஒவ்வொரு படத்துக்கும் கிழவர் வந்தார், அதையே கேட்டார்.

கடைசியில் ஜுராந்திர் தானே ஒரு படம் எடுத்தான். மாடு மேய்ப்பவன் கதை. “அப்பாவுக்காக என் குரல்லயே பேசியிருக்கேன்” என்று சொல்லி அனுப்பினான். ஆனால் படப்பெட்டியோடு வந்தவன் என் முகத்தைப் பார்க்கவில்லை.

“மாத்திட்டாங்க கும்பாதிரி. என் குரல் இருந்தா ஓடாதுன்னு விநியோகஸ்தர் சொல்லிட்டார்.”

“நீயும் சரின்னுட்டியா?”

“இல்லன்னா பெட்டிக்குள்ளயே கிடக்கும்.”

“அத்தன குதிரையிலேருந்து விழுந்தும் ஒடியாத முதுகெலும்பு இப்ப ஒடிஞ்சிருச்சாக்கும்.”

வாசலில் அவன் அப்பா தேய்த்த சட்டை போட்டுக் காத்திருந்தார். நான் போய் ஒலிபெருக்கிக் கம்பியைப் பிடுங்கினேன். மேற்பார்வைக்கு வந்திருந்த விநியோகஸ்தரின் ஆள் வால்மோர் பாய்ந்து வந்தான்.

“யோவ், படத்துல கை வைக்க நீர் யாரு?”

“படத்துல எங்க வச்சேன்? என் கம்பி, என் சுவர், என் திரை. போய் டிக்கெட்டக் கிழி தம்பி.”

“இனிமே ஒரு பெட்டி உமக்கு வராது.”

“வராட்டி உள்ள ஆடு கட்டிக்கிறேன், போ.”

என்னுடையது துணித் திரை, பின்னாலிருந்தும் படம் தெரியும். ஜுராந்திரை அங்கே தள்ளினேன். “பேசு.”

முதலில் வாய் முன்னே போனது, குரல் பின்னே வந்தது. அப்புறம் பிடித்துக்கொண்டான். பண்ணையார் பேச்சும் அவனே, பண்ணையார் மனைவி பேச்சும் அவனே. கொட்டகை சிரித்தது. கிழவர் மட்டும் அசையவில்லை.

முள்காட்டில் மாடு தொலைகிற இடம் வந்தது. அவன் நீட்டிக் கூப்பிட்டான். ஒனொராத்து எழுந்து நின்று, தலையைத் தூக்கி, பதில் குரல் கொடுத்தார். திரைக்குப் பின்னால் சத்தம் நின்றுபோனது. திரையில் மட்டும் அவன் வாய் சும்மா அசைந்துகொண்டிருந்தது. கிழவர் மறுபடியும் கூப்பிட்டார். அப்புறம்தான் உள்ளேயிருந்து பதில் வந்தது.

படம் முடிந்ததும் அவர்முன் வந்து நின்றான்.

“ஆசீர்வாதம் குடுங்கப்பா.”

“கடவுள் ஆசீர்வதிக்கட்டும். தொண்ட கரகரங்குது. அந்தச் சுருட்ட விட்டுத் தொல.”

வால்மோர் சொன்னபடியே செய்தான். அதன்பிறகு எனக்குப் புதுப்படம் வரவில்லை. அதற்காக நான் வருந்தியதும் இல்லை. அந்தப் படத்துக்கு ஜுராந்திர் முதலில் பேசிய ஒலிநாடா எங்கே என்று தொலைக்காட்சிக்காரர்களிடம் கேட்டேன். எப்போதோ குப்பையில் போட்டிருப்பார்களாம். அஞ்சலி செலுத்தத் தெரிகிறது. ஜுராந்திர் பேசிக் கேட்டவர்கள் அன்று என் தியேட்டரில் இருந்தவர்கள் மட்டும்தான். நீங்கள் கேட்டது எவனையோ.