ரிச்சர்ட்சனில் ஒரு டோக்கியோ சந்து

சனிக்கிழமை காலை எட்டு மணிக்கு டெக்சாஸின் ரவுண்ட் ராக்கிலிருந்து கிளம்பினோம். ரிச்சர்ட்சன் ஏறக்குறைய நூற்றுத் தொண்ணூறு மைல். வண்டியை நான் ஓட்டினேன். பக்கத்தில் என் மகள் யாழினி, வயது பதினாறு. அவள் மடியில் ஓர் அட்டை உறை. அதற்குள் அந்தரத்தில் குதித்துக்கொண்டிருக்கும் ஒரு ஜப்பானியச் சிறுமி.

கார்ட்டூனைக் கையால் வரைந்த காலத்துப் படம் அது. கண்ணாடி போன்ற தாளில் முன்பக்கம் கோடு, பின்பக்கம் வண்ணம். 'செல்' என்கிறார்கள். பிறந்தநாளுக்கு யாழினி கேட்டு வாங்கியது. வந்த அன்றே லேமினேட் பண்ணக் கிளம்பிவிட்டேன். ஈரோட்டில் ரேஷன் கார்டிலிருந்து கல்யாணப் பத்திரிகை வரை லேமினேட் பண்ணி வளர்ந்தவள் நான். சூட்டில் பெயின்ட் பாழாகிவிடும் என்று யாழினி டிரைவ்வே வரை ஓடிவந்து பிடுங்கிக்கொண்டாள்.

ஒரு காட்சிக்குச் செல்கள் எத்தனையோ இருக்கும். அடியில் வைக்கும் பின்னணி ஓவியம் மட்டும் ஒன்றே ஒன்று. அது வந்த டிவி தொடரின் பிரதியோ எங்கும் கிடைக்கவில்லை. ஆகவே எதைத் தாண்டுகிறாள் என்று தெரியாமலே நான்கு வருடம் எங்கள் சுவரில் அவள் குதித்துக்கொண்டிருந்தாள். போன மாதம் ஆன்லைன் குழு ஒன்றில் யாரோ ஒரு பின்னணியின் மூலையை மட்டும் போட்டோ எடுத்துப் போட்டு, இது எந்தத் தொடர் என்று கேட்டிருந்தார். மூலையில் எங்கள் செல்லில் இருந்த அதே தொடர்க் குறியீடு, அதே காட்சி எண். கேட்டவர் ரிச்சர்ட்சனில் இருக்கும் சேவியர் என்ற நாகர்கோவில்காரர். அந்தப் பின்னணியை எப்படியாவது விலைக்கு வாங்கிவிட வேண்டும் என்றுதான் இந்தப் பயணம்.

பத்து மணிக்கு வெஸ்ட் என்ற சிற்றூரில் நிறுத்தினோம். பழம் வைத்த கொலாச்சி பன் இரண்டும் காபியும் பத்து டாலருக்குள் முடிந்தது. அங்கிருந்து யாழினி அந்தத் தொடரை எடுத்த ஸ்டூடியோவின் கதையைச் சொல்லிக்கொண்டு வந்தாள். நான் தமிழில் கேட்பேன், அவள் ஆங்கிலத்தில் பதில் சொல்வாள். எங்கள் வீட்டு வழக்கம். பெரிய ஸ்டூடியோ ஒன்றிலிருந்து பிரிந்து வந்த சிலர் டோக்கியோ ஓரத்தில் தொடங்கியதாம். டிவிக்காரர்கள் தந்த காசுக்கு மேலே உழைத்து அழகழகாகத் தீட்டினார்களாம். கம்ப்யூட்டர் காலம் வந்ததும் தாக்குப்பிடிக்க முடியாமல் மூடிவிட்டார்கள். விரலுக்கேற்ற வீக்கம் வேண்டாமா என்றேன். அவள் ஹெட்போனை எடுத்து மாட்டிக்கொண்டாள்.

பன்னிரண்டு மணிக்குச் சேவியர் வீடு. வியாபாரம் பேச வந்தவர்களுக்கு அவர் மனைவி மேரி முதலில் மீன் குழம்பு போட்டார். கை கழுவிய பிறகுதான் படம் மேஜைக்கு வந்தது: ஒரு குறுகிய சந்து, ஓர் ஓடை, ஒரு மரக்கதவு.

சேவியர் டெலிகாம் வேலைக்காக டோக்கியோவில் இரண்டு வருடம் இருந்தவர். அவர் அறைக்குப் பக்கத்துக் கட்டடத்தில் விடிய விடிய விளக்கு எரியுமாம். அச்சகம் என்றே நினைத்திருக்கிறார். அந்த ஸ்டூடியோதான் அது. மூடப்பட்ட அன்று, வேண்டியவர்கள் எடுத்துக்கொள்ளட்டும் என்று படங்களை வாசலில் வைத்திருந்தார்கள். அவற்றில் ஒன்றில் தன் அறைக் கதவையே பார்த்து எடுத்து வந்துவிட்டார். அந்தச் சந்து வீடுகளை இடித்து இப்போது அபார்ட்மென்ட் கட்டிவிட்டார்கள். மிச்சம் இந்தப் படம்தான்.

யாழினி செல்லை எடுத்து மேலே வைத்தாள். இரண்டு தாளின் ஓரத் துளைகளும் பொருந்தின. சிறுமி ஓடையைத் தாண்டியிருந்தாள். கால் கதவுப் படிக்கு ஓர் அங்குலம் மேலே இருந்தது. என் கண் கலங்கிவிட்டது.

"இந்த ஓடையில நான் ரெண்டு தடவ விழுந்துருக்கேன் மக்ளே," என்று சேவியர் சிரித்தார். பிறகு படத்தை யாழினி பக்கம் நகர்த்தினார். "காசெல்லாம் வேண்டாம். இவளத் தேடிக் கொண்டாந்தது நீதானே. எடுத்துட்டுப் போ."

மேஜைக்கு அடியில் அவள் காலைத் தட்டினேன், வாங்கிக்கொள் என்று. அவளோ இரண்டையும் சேர்த்து அவர் பக்கமே தள்ளிவிட்டாள். அவர் எவ்வளவு சொல்லியும் கேட்கவில்லை.

மூன்று மணிக்கு விடைபெற்றோம். யாழினி மடியில் இப்போது மேரி கொடுத்த நேந்திரங்காய் சிப்ஸ். எனக்குப் பெருமை ஒரு பக்கம், ஆற்றாமை ஒரு பக்கம். வேகோ ஊரைத் தாண்டியதும் கேட்டே விட்டேன்.

"ஏன் கண்ணு, சும்மா தர்றேன்னாரு. அதையும் விட்டு, நம்மளதையும் குடுத்துட்டு வந்துட்டயே?"

காலையிலிருந்து ஆங்கிலத்தை விடாதவள், ஜன்னலைப் பார்த்தபடி தமிழில் சொன்னாள்.

"நாலு வருஷமா குதிச்சுட்டே இருந்தாம்மா. இறங்கட்டும்."