மேற்குப் பக்கம் யாரும் அளக்கவில்லை

மனை என் பெயரில் இருப்பதால் வாதியும் நானே என்று வக்கீல் சொன்னபோது, வேறு யாரையோ சொல்கிறார் என்றுதான் தோன்றியது. திருமுல்லைவாயிலில் உள்ள எங்கள் வீட்டுக்கு மாடி எடுப்பதற்காகக் கணவர் ஒரு தனியார் சர்வேயரைக் கூட்டி வந்திருந்தார். அவர் கிழக்குப் பக்கத்தை மட்டும் அளந்துவிட்டு, அந்த வீட்டின் சுற்றுச்சுவர் எங்கள் மனைக்குள் ஒன்றரை அடி வந்திருப்பதாகச் சொன்னார். பேசிப் பார்த்தோம். முடியவில்லை. பூந்தமல்லி நீதிமன்றத்துக்குப் போனோம்.

அந்தச் சுவருக்குச் சொந்தக்காரர் அம்பத்தூர் எஸ்டேட்டில் லேத் ஓட்டி ஓய்வு பெற்றவர். வழக்குப் போட்ட பிறகும், எங்கள் தண்ணீர்த் தொட்டி வழிந்தால் அந்தச் சுவருக்கு மேலாக எட்டி மோட்டாரை நிறுத்தச் சொல்வார். நன்றி சொல்வதா, வக்கீல் சொன்னபடி பேசாமலிருப்பதா என்று தெரியாமல் அரைகுறையாகத் தலையாட்டிவிட்டு உள்ளே வந்துவிடுவேன்.

வாய்தா நாட்களில் மகளை மேற்கு வீட்டு அக்காவிடம் விட்டுவிட்டுப் போவேன். என்னிடம் நாலு வாய் சாப்பிட அழுபவள், அங்கே சாம்பார் சாதத்தைத் தட்டு காலியாகும்வரை சாப்பிடுவாளாம். அதற்குச் சந்தோஷப்படுவதா என்பதுகூட எனக்குக் குழப்பம்தான்.

பிறகு, நீதிமன்றம் ஆணையராக நியமித்த வழக்கறிஞர் தாலுகா சர்வேயருடன் இடத்தைப் பார்க்க வந்தார். சர்வேயர் எங்கள் சுவரிலிருந்து தொடங்கவில்லை. கிழக்கே தெருமுனைக்குப் போய், மண்ணில் புதைந்திருந்த சர்வே கல்லைத் தேடி, அங்கிருந்து வீடு வீடாக அளந்தார். எங்கள் வீட்டைத் தாண்டியும் அளந்தார். அது எதற்கென்று நான் கேட்டிருக்க வேண்டும்.

அறிக்கை வந்ததும் புரிந்தது. தெருமுனையில் முதலில் வீடு கட்டியவர் ஒன்றரை அடி மேற்கே தள்ளிக் கடைக்கால் போட்டிருக்கிறார். அடுத்தவர் கல்லைத் தேடாமல் அவர் சுவரிலிருந்து அளந்திருக்கிறார். அதற்கடுத்தவர் இவர் சுவரிலிருந்து. வரிசை முழுவதுமே நகர்ந்திருந்தது, நாங்களும்தான். மகள் பிறந்த பின் மேற்கே ஓர் அறை எடுத்தோம். அவளுடைய கட்டில் கிடக்கும் அந்த அறையின் சுவர் அக்காவின் மனையில் நிற்கிறது.

நம் வழக்கு கிழக்குப் பக்கம் மட்டும்தான், மேற்கைப் பற்றி வாயே திறக்கக் கூடாது என்றார் வக்கீல். கணவரும் அதையே சொன்னார். எனக்கும் அது சரி என்றே பட்டது. அப்படிப் பட்டதுதான் பயமாக இருந்தது.

அடுத்த வாய்தாவில், நீதிமன்ற வராந்தாவில் லேத்காரர் என் பக்கத்தில் வந்து நின்றார்.

"இன்னாம்மா, ரிப்போர்ட்ட படிச்சியா? நான் உன் எடத்துல கீறேன். நீ அந்தம்மா எடத்துல கீற. நான் செவுத்த இடிச்சா, நீ பாப்பா ரூம இடிப்பியா?"

வக்கீலைக் கேட்டுத்தான் சொல்ல வேண்டும் என்றேன்.

"அவரா அந்த ரூம்ல படுக்கறாரு?" என்று சிரித்தார். சிரித்து முடித்த பிறகும் என் பதிலுக்காகக் காத்திருந்தார். அதற்குள் எங்களைக் கூப்பிட்டுவிட்டார்கள். அறிக்கைக்கு ஆட்சேபம் சொல்ல எங்கள் வக்கீல் அவகாசம் கேட்டார். வழக்கு தள்ளிப்போனது.

வீட்டு வாசலில் அக்கா மகளை இடுப்பில் வைத்துக்கொண்டு, ஜெயித்துவிட்டோமா என்று கேட்டார். பஸ்ஸில் வரும் வழியெல்லாம் சொல்வதா வேண்டாமா என்று மாறி மாறி யோசித்துக்கொண்டு வந்தவள், முடிவெடுப்பதற்கு முன்பே சொல்லிவிட்டேன்.

"அக்கா, பாப்பா ரூம் சுவர் உங்க இடத்துல இருக்கு."

அவர் அந்தச் சுவரைப் பார்த்தார். பிறகு திரும்பித் தன் வீட்டின் மறுபக்கத்தைப் பார்த்தார்.

"அப்போ என் கிச்சன் யாரு இடத்துல இருக்கு?"

எனக்குத் தெரியாது என்றேன்.

"நான் உங்க மேல கேஸ் போடணுமா? போடலைன்னா பின்னாடி தப்பாயிடுமா?"

கோபமே இல்லாமல், என்னிடம் யோசனைதான் கேட்டார். தெருவிலேயே வழக்குப் போட்டிருப்பவள் நான் ஒருத்திதானே. போடுங்கள் என்றால் அறை போகும். வேண்டாம் என்றால், நாளை அவர் பிள்ளைகள் ஏன் தடுத்தாய் என்று என்னைக் கேட்பார்கள். எதைச் சொன்னாலும் எனக்காகச் சொன்னதாகவே இருக்கும்.

"தெரியலைக்கா."

அடுத்த வாய்தாவுக்குத் தானும் கூட வரட்டுமா என்று கேட்டார். வாருங்கள் என்றேன். அப்படியானால் அன்றைக்குக் குழந்தையை யாரிடம் விடுவது என்றுதான் எனக்கு முதலில் தோன்றியது.